பிறந்த இடமே அலுவலகமாகிவிட்ட மூதாட்டி: நாடகம் எழுத யோசனை தேவை

பிரிக்பீல்ட்ஸ் மேடைக்காரன் கேட்கிறார்:

அனைவருக்கும் வணக்கம். கோலாலம்பூரில் இயங்கும் சிறிய தமிழ் நாடகக் குழு ஒன்றுக்காக, ஒரு மணி நேரத்துக்குள் முடியக்கூடிய நாடகம் ஒன்றை எழுதிக்கொண்டிருக்கிறேன். எழுபது வயதைத் தாண்டியும், குடியுரிமை இல்லாத நிரந்தர வசிப்பாளருக்குரிய சிவப்பு அடையாள அட்டையுடனேயே வாழும் ஒரு மூதாட்டி குடியுரிமைக்கு விண்ணப்பிக்கிறார் என்பதுதான் கதை. பார்வையாளர்கள் சிரித்துக்கொண்டே வர வேண்டும். அந்தச் சிரிப்பு எந்த இடத்தில் தொண்டையில் சிக்கியது என்பது அவர்களுக்கே தெரியாமல் போக வேண்டும் என்பது என் ஆசை. ஆனால் இதுவரை எழுதியதைப் படித்துப் பார்த்தால், பாதி ஒப்பாரியாகவும் பாதி தீபாவளிக் கலைநிகழ்ச்சித் துணுக்காகவும் இருக்கிறது.

கதையின் அடித்தளம் கற்பனையல்ல. மூதாட்டி பிறந்தது பிராங் பெசார் தோட்டத்தில், மெர்டேக்காவுக்கு, அதாவது 1957இல் கிடைத்த சுதந்திரத்துக்கு, முன்பு. முதல் உலகப் போரிலிருந்து திரும்பிய பிரிட்டிஷ் வீரர்கள் 1921இல் உருவாக்கிய ரப்பர்த் தோட்டம் அது. 1990களில் அத்தோட்டமும் அதைச் சுற்றியிருந்த வேறு சில தோட்டங்களும் புதிய நிர்வாகத் தலைநகரான புத்ராஜெயாவுக்காக எடுக்கப்பட்டன. 1999 முதல் கூட்டரசு அரசாங்க அலுவலகங்கள் ஒவ்வொன்றாக அங்கே குடியேறின. ஆக, தாம் இந்த மண்ணில்தான் பிறந்தோம் என்று நிரூபிக்க மூதாட்டி கொடுக்கும் விண்ணப்பம், அதே மண்ணின் மேல் எழும்பியிருக்கும் கட்டடத்துக்குத்தான் போய்ச் சேர வேண்டும்.

சட்டத்தைப் படித்தால் தாராளமாகத்தான் இருக்கிறது. அரசியலமைப்பின் 16ஆவது பிரிவின்படி, மெர்டேக்காவுக்கு முன் இந்நாட்டில் பிறந்த ஒருவர், விண்ணப்பத்துக்கு முந்திய ஏழு ஆண்டுகளில் ஐந்து ஆண்டுகள் இங்கே வசித்திருந்து, இனியும் நிரந்தரமாக இங்கேயே வசிக்கும் எண்ணம் கொண்டு, நன்னடத்தையும் மலாய்மொழியில் தொடக்கநிலை அறிவும் உடையவராக இருந்தால், குடிமகனாகப் பதிவு பெறும் உரிமை அவருக்கு உண்டு. நிரந்தர வசிப்பிட அட்டையைக் கையில் வைத்திருக்கும் ஒரு கிழவி, நிரந்தரமாக வசிக்கும் எண்ணம் தமக்கு உண்டு என்று உறுதிகூறுவதை நான் மேடைக்காக இட்டுக்கட்டவில்லை. சிக்கல் எல்லாம் ‘இந்நாட்டில் பிறந்த’ என்ற முதல் நிபந்தனையில்தான் இருக்கிறது. தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடாகிய லயத்தில் மருத்துவச்சியின் கையில் பிறந்த பிள்ளைக்குப் பிறப்புப் பத்திரம் எடுக்க வேண்டுமானால், தகப்பன் ஒரு நாள் கூலியை விட்டுவிட்டுப் பட்டணம் போயிருக்க வேண்டும். அவர் போகவில்லை.

உச்சக் காட்சியை இப்படி வைத்திருக்கிறேன்:

“பாட்டி, பிறந்த இடம்?”
“இதுதான் ஐயா.”
“இது அலுவலகம், பாட்டி.”
“அப்போது ஆறாம் நம்பர் லயம்.”

நண்பர்களோ இது மிகையாக இருக்கிறது, யாரும் நம்பமாட்டார்கள் என்கிறார்கள். உண்மையாகவே நடந்திருக்கக்கூடிய ஒன்றை மிகை என்று சொல்லி வெட்டிவிட எனக்கு மனம் வரவில்லை. முகப்பிடத்தில் இருக்கும் அதிகாரியை எப்படிப்பட்டவராக எழுதுவது என்பதிலும் தடுமாறுகிறேன். அனுபவமுள்ளவர்கள் சொல்லுங்கள்.

காஜாங் கிராணி மகன் எழுதுகிறார்:

தம்பி, காட்சியை வெட்ட வேண்டாம், இடத்தை மாற்றுங்கள். தற்செயலாக நேர்ந்த ஒன்றைக் கதையின் முடிவில் வைத்தால், எழுத்தாளன் வேலை செய்திருக்கிறான் என்று பார்வையாளன் சந்தேகப்படுவான். அதையே திரை விலகியதும் முதல் நிமிடத்தில் வைத்துவிட்டால், அது கதையின் நிலவரமாகிவிடும்; அதற்குப் பிறகு யாரும் அதைக் கேள்வி கேட்கமாட்டார்கள். மூதாட்டி உள்ளே நுழைகிறார், சுற்றும் முற்றும் பார்க்கிறார், நாற்காலி வரிசைகளுக்கு நடுவே ஓர் இடத்தில் காலை ஊன்றி “இங்கேதான் குழாயடி” என்கிறார். எண் சீட்டு கொடுக்கும் பையன் “குழாய் கழிப்பறைப் பக்கம், பாட்டி” என்று வழி காட்டுகிறான். நாடகம் அங்கே தொடங்கட்டும்.

அதிகாரி கெட்டவராக இருந்தால் உங்கள் நாடகம் பத்து நிமிடத்தில் செத்துவிடும். கெட்டவரைத் திட்டிவிட்டு வீட்டுக்குப் போய் நிம்மதியாகச் சாப்பிடலாம். அவர் நல்லவராக இருக்க வேண்டும். மூதாட்டிக்கு நாற்காலி போடட்டும், தே தாரே வாங்கிவரச் சொல்லட்டும், சீனி குறைவாகப் போடு என்று தம் கீழுள்ளவருக்கு நினைவூட்டவும் செய்யட்டும். அவர் கேட்கும் ஒவ்வொரு தாளும் நியாயமானது. அது இல்லாததற்கு மூதாட்டி சொல்லும் ஒவ்வொரு காரணமும் நியாயமானது. இரண்டு நியாயங்களும் மரியாதையாகக் கைகூப்பிக்கொண்டு எதிரெதிரே நிற்க, நேரம் மட்டும் போய்க்கொண்டிருப்பதுதான் இதில் பயங்கரம். என் தகப்பனார் ஒரு தோட்டத்தில் கிராணியாக, அதாவது எழுத்தராக, இருந்தவர். யாரையும் அடித்ததில்லை, கடிந்து பேசியதுகூட இல்லை. ஆனால் செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டில் பெயர் விழவில்லையென்றால் அன்றைய தினம் அந்த மனிதன் வேலை செய்யவில்லை. கண்ணெதிரே பால் வாளியைத் தூக்கிக்கொண்டு வந்து நின்றாலும் செய்யவில்லை. இதைச் சொல்லும்போது அவர் குரலில் வருத்தமும் இருக்கும். ஆனால் பெயர் ஏறாது.

இன்னொரு செய்தி. நீங்கள் அந்தத் தோட்டத்தையே தேர்ந்தெடுத்திருப்பதால் இதைப் பயன்படுத்தாமல் விட்டால் பாவம். ரப்பர் ஆராய்ச்சி உலகில் பிராங் பெசார் மிகப் பெரிய பெயர். நல்ல பால் தரும் மரங்களைத் தேர்ந்தெடுத்து, ஒட்டுக்கட்டி, புதிய இரகங்களை உருவாக்கிய தோட்டம் அது. ரப்பர் இரகங்களின் பெயரில் முன்னே வரும் பி.பி. என்ற எழுத்துகள் பிராங் பெசாரைத்தான் குறிக்கின்றன. பி.பி. 260 என்ற மரத்துக்குத் தாயும் தகப்பனும் பி.பி. 5/51, பி.பி. 49. அந்த 5/51க்குப் பெற்றோர் பி.பி. 56, பி.பி. 24. எல்லாம் எழுத்தில் பதிவாகியிருக்கின்றன. பி.பி. 86 கடல் கடந்து கேரளம் வரை போய்ச் சேர்ந்தது. எந்தத் தோட்டத்து வாரிசு என்று அதனிடம் யாரும் சான்று கேட்கவில்லை, பெயரிலேயே பிறந்த இடம் இருக்கிறது. அந்த மரங்களுக்கு நடுவில் பிறந்தவளுக்குத் தன் பாட்டியின் பெயரை நிரூபிக்க ஒரு துண்டுக் காகிதம் இல்லை. இந்தக் காட்சியில் மூதாட்டி அழக் கூடாது; மரங்களின் வம்சாவளியை வாய்ப்பாடு மாதிரி ஒப்பிக்கட்டும், அதிகாரி அதை மெய்யாகவே ஆர்வத்துடன் குறித்துக்கொள்ளட்டும். கடைசியில் அவர், “மரத்தின் பத்திரம் செல்லும் பாட்டி, ஆனால் விண்ணப்பதாரர் மரமாக இருக்க வேண்டும்” என்று சொன்னால் போதும்.

ஒரு வேண்டுகோள். ரப்பர் சீவியவளின் வாழ்க்கையை ரப்பர் முத்திரை முடித்துவிட்டது என்ற வசனம் உங்களுக்கு நிச்சயம் தோன்றும். தோன்றியதும் அடித்துவிடுங்கள்.

பினாங்கு பழைய தாள் எழுதுகிறார்:

ஒரு மூதாட்டியோடு நிறுத்திவிட்டால், இது எங்கோ யாருக்கோ நேர்ந்த தவறு என்று பார்வையாளர்கள் நினைத்துக்கொள்வார்கள். இந்த ஊரில் தாளும் சுதந்திரமும் நெடுங்காலமாகவே ஒரே கோப்பில் கிடக்கின்றன. அடையாள அட்டையே 1948இல் அவசரகாலத்தோடு வந்தது. பன்னிரண்டு வயதைத் தாண்டிய அனைவருக்கும் படமும் பெருவிரல் ரேகையும் பதிந்த அட்டை. காட்டிலிருக்கும் கம்யூனிஸ்டுகளுக்கு உணவு போய்ச் சேரக் கூடாது என்பதற்காகக் கட்டுப்பாட்டுப் பகுதிகளில் டின் உணவை விற்கும்போதே கடைக்காரர் அதைத் துளையிட்டுக் கொடுக்க வேண்டியிருந்தது. மத்தி மீனுக்குக்கூட அன்றே சாப்பிடப்பட்டாக வேண்டும் என்ற விதி.

1969இல் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதிச் சீட்டு கட்டாயமானபோது, நேற்றுவரை சீவிய மரத்தையே சீவ அனுமதி கேட்க வேண்டியதாயிற்று. பல்லாயிரம் தமிழர்கள் கப்பலேறிவிட்டார்கள். உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் அறுபது நாள் காவலுக்குப் பிறகு அமைச்சரின் ஆணையால் ஒருவரை இரண்டு ஆண்டுகள் உள்ளே வைக்க முடிந்தது, தவணை தீர்ந்ததும் புதுப்பிக்கவும் முடிந்தது. அதே காலத்தில் செய்தித்தாள் உரிமத்தை 1984ஆம் ஆண்டின் அச்சகச் சட்டப்படி ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டியிருந்தது. பத்திரிகையை விட மனிதனுக்குத் தவணை அதிகம் என்று பெருமைப்பட்டுக்கொள்ளலாம். இரண்டு நிலைமைகளும் மாறியது 2012இல்தான். உங்கள் அலுவலகத்தில் பக்கத்து முகப்பிடத்தில் ஒருவர் தம் தடுப்புக்காவலைத் தாமே புதுப்பிக்க வரிசையில் நிற்பதாக ஒரு காட்சி வையுங்கள். காலாவதியாகிவிட்டால் அபராதம் என்று அவர் பதறட்டும்.

செந்தூல் மருமகள் எழுதுகிறார்:

பினாங்கு ஐயா சொன்ன பக்கத்து முகப்பிடக் காட்சி சிரிப்பை வரவழைக்கும். ஆனால் அதை வைத்தால் மூதாட்டி மேடையின் ஓரத்துக்குப் போய்விடுவார். சிறைப்பட்டவருக்குத் தாம் சிறையில் இருப்பது தெரியும். சிவப்பு அட்டைக்காரருக்கு அப்படி எதுவும் நடக்கவில்லை. அவரை யாரும் பிடிக்கவில்லை, அடைக்கவில்லை. வாக்களிக்க முடியாது, பாஸ்போர்ட் கிடையாது என்பவற்றை ஒரு வரியில் சொல்லிவிடலாம். மீதி எங்கே போகிறது என்பதை நான் வீட்டில் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

என் மாமியாரும் சிவப்பு அட்டைதான். அவருடைய தாள்கள் எல்லாம் ஒரு பழைய பிஸ்கட் டின்னில் இருக்கின்றன: ஒவ்வொன்றும் பிளாஸ்டிக் உறையில், அசலுக்கு ஓர் உறை, நகலுக்கு ஓர் உறை, அந்த நகல் உண்மையானதுதான் என்று சத்தியப் பிரமாண ஆணையர் கையொப்பமிட்ட நகலுக்கு இன்னோர் உறை. எந்த அலுவலகம் என்று நான் சொல்லப்போவதில்லை. ஒருமுறை அங்கே அவருடைய பெருவிரலை இயந்திரம் ஏற்கவில்லை. பல ஆண்டுகள் ரப்பர்ப் பால் வெட்டி, அதற்குப் பிறகு வீடு வீடாகத் துணி துவைத்த விரல். ரேகை தேய்ந்து வழவழவென்று இருக்கிறது. முகப்பிடத்துப் பெண் மிகவும் அன்பானவள். ஈரத் துணி கொடுத்தாள், துடைத்துக்கொள்ளச் சொன்னாள், தன் கைப்பையிலிருந்து கிரீம் எடுத்துத் தானே தடவிவிட்டாள். இயந்திரம் ஏற்கவே இல்லை. அப்போது அவள் அட்டையையும் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, “படத்தில் மூக்குத்தி இல்லையே, அம்மா” என்று சும்மா சொன்னாள். கேள்விகூட இல்லை, பேச்சுக்குச் சொன்னது.

வீட்டுக்கு வந்ததும் மாமியார் மூக்குத்தியைக் கழற்றி டின்னில் போட்டுவிட்டார். கல்யாணத்துக்குப் போட்ட மூக்குத்தி. இப்போது அதற்கும் ஓர் உறை இருக்கிறது. படமெடுத்த அன்று கட்டியிருந்த சேலையைத்தான் எந்த அலுவலகத்துக்குப் போனாலும் கட்டுகிறார். சாயம் போய்விட்டது, ஜாக்கெட்டை இரண்டு முறை பிரித்துத் தைத்தாகிவிட்டது. புதுச் சேலை வாங்கிக் கொடுத்தால் “அதில் நான் நானில்லை என்று சொல்லிவிட்டால்?” என்கிறார். தைப்பூசத்துக்குப் பத்துமலைக்குக் கூப்பிட்டால், அட்டை கூட்டத்தில் தொலைந்துவிடுமே என்று யோசிக்கிறார். அட்டையை வீட்டில் வைத்துவிட்டு வரலாமென்றால், எந்நேரமும் உடன் வைத்திருக்க வேண்டும் என்பது சட்டம் என்று எனக்கே பாடம் நடத்துகிறார். கடைசியில் போவதில்லை. இதில் அவரைப் போகவிடாமல் தடுத்தவர் யார் என்று ஒருவரைக் காட்டுங்கள் பார்க்கலாம்.

அதனால் சகோதரா, உங்கள் நாடகத்தில் அலுவலகம் பாதி நேரம் இருந்தால் போதும். மீதி நேரம் வீடு இருக்கட்டும். அங்கே அதிகாரி இல்லை, படிவம் இல்லை, ஆனால் மூதாட்டி தமக்குத் தாமே அதிகாரியாகிவிட்டார். பேத்தி சக்கரை கேட்டால் போன வாரம் வாங்கிய சக்கரையின் இரசீது எங்கே என்று கேட்கிறார். சிரிப்பு அங்கேதான் வரும், நான் பலமுறை சிரித்திருக்கிறேன். சிரித்துவிட்டு அவருடைய முகத்தைப் பார்க்கக் கூசியும் இருக்கிறேன்.

காஜாங் கிராணி மகன் மீண்டும்:

அம்மா சொன்னதற்குப் பிறகு என் மரக் காட்சி கொஞ்சம் கெட்டிக்காரத்தனமாகத் தெரிகிறது. ஆனாலும் அதை வைத்துக்கொள்ளலாம்; முன்பாதியில் அறிவு சிரிக்கட்டும், பின்பாதியில் மூக்குத்தி வரட்டும். வரிசையை மட்டும் மாற்றிவிடாதீர்கள்.

பிரிக்பீல்ட்ஸ் மேடைக்காரன் எழுதுகிறார்:

மூவருக்கும் நன்றி. குழாயடி முதலில் வருகிறது. லய வசனம் அப்படியே அதன் பின்னால் போய்விடும். அதிகாரிக்கு நல்ல மனத்தைக் கொடுத்துவிட்டேன். எழுதிப் பார்த்ததில் அவர் பேசும் இடங்கள் தாமாகவே நீண்டுகொண்டு போகின்றன, ஏனென்றால் உதவி செய்ய விரும்பும் ஒருவருக்குக் கேட்க எத்தனையோ தாள்கள் இருக்கின்றன. பினாங்கு ஐயாவின் காட்சியை முகப்பிடமாக வைக்காமல், காத்திருக்கும் கூட்டத்தில் இருவர் பேசிக்கொள்ளும் பேச்சாகச் சுருக்கிவிட நினைக்கிறேன். டின் மீன் பேச்சு கட்டாயம் இருக்கும். எங்கள் குழுவின் இளைஞர்களில் ஒருவர்கூட அதைக் கேள்விப்பட்டிருக்கவில்லை, இட்டுக்கட்டியது என்றே நினைத்தார்கள். அதிகாரி நல்லவராகிவிட்டதால் முடிவு எனக்குக் கடினமாகிவிட்டது. குடியுரிமை கிடைத்துவிட்டால் இனிப்பாகிவிடும், கிடைக்காவிட்டால் ஒப்பாரிக்கே திரும்பிவிடும்.

ஒலி ஒளிக்காரர் எழுதுகிறார்:

முடிவைப் பற்றி எனக்குத் தெரியாது; ஒரு நடைமுறைச் செய்தி சொல்கிறேன். கோலாலம்பூரில் பொது நிகழ்ச்சியாக நாடகம் போட 1992ஆம் ஆண்டின் கூட்டரசுப் பிரதேசக் கேளிக்கைச் சட்டப்படி உரிமம் வேண்டும். அரங்கத்தை முன்பதிவு செய்யும்போதே அரங்க நிர்வாகத்திடம் என்னென்ன தாள்கள் தேவை என்று எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். நாடகம் தயாராகிவிட்ட பிறகு ஓடினால் நாள் போதாது. உங்கள் நாடகத்தின் கதைச்சுருக்கத்தை எழுதும்போது, மூதாட்டிக்கு எல்லா அதிகாரிகளும் அன்பாக உதவி செய்கிறார்கள் என்று எழுதலாம். பொய்யே இல்லை.

செந்தூல் மருமகள் மீண்டும்:

முடிவுக்கு ஒன்று சொல்கிறேன். குடிமக்களுக்குரிய நீல அட்டை கிடைத்துவிடட்டும். புது அட்டைக்குப் புதுப் படம் எடுக்க வேண்டும் அல்லவா? மூக்குத்தியைப் போட்டுக்கொள்ளுங்கள் என்று அந்த அன்பான அதிகாரியே சொல்லட்டும். பழைய அட்டையில் இருப்பவரும் தாமும் ஒருவர்தான் என்பதை நிரூபிக்கும்வரை போடமாட்டேன் என்று மூதாட்டி மறுக்கட்டும்.

பிரிக்பீல்ட்ஸ் மேடைக்காரன் மீண்டும்:

அக்கா, இதைவிடச் சிறந்த முடிவு எனக்கு வாய்க்காது. மூக்குத்தியும் சேலையும் உங்கள் மாமியாரின் சொந்த வாழ்க்கை என்பதால், அவருடைய சம்மதம் இல்லாமல் மேடையேற்ற விரும்பவில்லை. அம்மாவிடம் கேட்டுச் சொல்ல முடியுமா?

செந்தூல் மருமகள் மீண்டும்:

கேட்டுவிட்டேன். நாடகம் என்றதும் சிரித்தார், ஆட்சேபணை இல்லையாம். ஆனால் வாய்ச்சொல் செல்லாது, கடிதமாக எழுதிக் கேட்கச் சொல்கிறார். கடிதத்தில் உங்கள் அடையாள அட்டை எண் இருக்க வேண்டும், அட்டையின் நகலை இரு பக்கமும் தெரியும்படி இணைக்க வேண்டும், அதோடு நகலுக்கு நகல் ஒன்றும் வேண்டும். இரண்டு பிளாஸ்டிக் உறைகளை இப்போதே எடுத்து வைத்துவிட்டார்.